வருதா, வரலையா

உஸ்ஸ்ஸென்று ஓர் ஓசை. பச்சை விறகை அடுப்பில் திணித்தால் நுனியில் நுரை கட்டிக்கொண்டு சீறுமே, அது மாதிரி. போன வாரம் காரவள்ளியிலிருந்து மலையேறும் பஸ்ஸில் டிரைவரின் ரேடியோ ஒரு வளைவில் பாட்டைத் தவறவிட்டுச் சீறத் தொடங்கியது. அடுத்த வளைவில் பாட்டு வந்தது. அதற்கடுத்ததில் மறுபடி சீறல். வண்டியில் யாரும் அதைக் கண்டுகொள்ளவில்லை. என்னால்தான் உட்கார முடியவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றேன்.

"ஏனுங்க, வாந்தி வருதுங்களா?" என்றார் கண்டக்டர், கையில் தயாராக ஒரு பாலித்தீன் பையுடன்.

"வரல" என்றேன்.

சொன்ன பிறகுதான் உடம்பு சிலிர்த்தது. எத்தனை வருடமாயிற்று அந்த ஒற்றைச் சொல்லை அப்படிக் கத்திச் சொல்லி. கத்தித்தான் சொல்லியிருக்கிறேன், முன் சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார்.

என் வயதுக்காரர்களே, உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. நமக்கு டிவி என்றால் முதலில் நினைவுக்கு வருவது படமல்ல, புள்ளி. வெள்ளையும் கறுப்புமாய், கேழ்வரகைச் சுளகில் போட்டுக் குலுக்கியது போலத் துள்ளிக்கொண்டே இருக்கும் புள்ளி. அதற்குள்ளிருந்து ஒரு முகம் எப்போதாவது எட்டிப் பார்க்கும். அந்த முகத்துக்காகக் காத்திருந்தோம். இன்றைக்குப் பிள்ளைகள் கையிலேயே எல்லா முகமும் வந்துவிடுகிறது, எந்தத் தடங்கலும் இல்லாமல். அவர்களிடம் போய்ப் புள்ளிகளைப் பற்றிச் சொன்னால் என்னைப் பாவமாகப் பார்க்கிறார்கள். அதனால்தான் உங்களிடம் சொல்கிறேன்.

எங்கள் மலையில் சில ஊர்கள் சேர்ந்தால் ஒரு நாடு. வளப்பூர் நாட்டில் எங்கள் ஊருக்கு ஒரே ஒரு டிவி. அது நர்சம்மாவுடையது. தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து எங்கள் மலைக்கு மாற்றலாகி வந்தவர். துணைச் சுகாதார நிலையமும் அவர் குடியிருக்கும் அறையும் ஒரே கட்டடம். முன்னறையில் ஊசியும் மாத்திரையும், பின்னறையில் டிவி. இரண்டுக்கும் நடுவே ஒரு பச்சைத் திரை. டெட்டால் வாசத்தோடுதான் நாங்கள் படம் பார்த்தோம். இப்போதும் ஆஸ்பத்திரிக்குள் நுழைந்தால் எனக்கு எங்கோ ஒரு பாட்டு தொடங்கப்போவது போல இருக்கும்.

ஆண்டெனா பின்பக்கம், ஒரு சில்வர் ஓக் மரத்தை ஒட்டி. மண்ணில் குழி தோண்டி நட்ட இரும்புக் குழாய். காற்றடித்தால் குழாய் தானாகத் திரும்பிக்கொள்ளும். திரும்பினால் படம் போய்விடும். ஆகவே யாராவது ஒருவர் குழாயைப் பிடித்துக்கொண்டு வெளியே நிற்க வேண்டும். அந்த ஒருவர் என் அத்தை. அப்பாவின் ஒரே தங்கை. பத்தொன்பது வயது. எங்கள் ஊரில் பன்னிரண்டாவது தேறிய முதல் பெண்.

அத்தைக்குப் படத்தின் மேல் ஆசை இல்லை என்றில்லை. அவளுக்குக் குழாய்க் கை. வேறு யார் பிடித்தாலும் நிற்காத படம் அவள் பிடித்தால் நின்றது. "உனக்கு ஏதோ ராசிடி" என்பார் நர்சம்மா. இதில் என் வேலை, ஜன்னலோரம் நின்று படத்தைப் பார்த்து வெளியே சொல்வது.

"வருதா?" என்று அத்தை கேட்பாள்.

"வருது!" அல்லது "வரல!"

முதல் நாள் நான், "அத்தே, கொஞ்சூண்டு வருது, ஆனா தலைமேல தலையா ரெண்டு ரெண்டாத் தெரியுது, சத்தம் மட்டும் நல்லாருக்கு" என்று நீளமாகக் கத்தியிருக்கிறேன். அத்தை குழாயை விட்டுவிட்டு ஜன்னலுக்கே வந்துவிட்டாள். "கண்ணு, காத்துல நீட்டிப் பேசினா முன்னாடி பாதி பறந்துபோயிரும். ஒத்த வார்த்தைல சொல்லோணும். வருதா, வரலையா, அவ்வளவுதான்."

ஒற்றை வார்த்தையில் சொல்லப் பழகினேன். அவள்தான் பழக்கினாள். இதைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். எனக்காக ஒருவர் வாதாட வந்தால் அவர் கையில் இருக்கும் ஒரே சாட்சி இதுதான்.

வைகாசிக் கடைசி. பலா முற்றிப் பழுத்து, பறிக்க ஆளில்லாதவை மரத்திலேயே வெடித்து, காற்றெல்லாம் அந்தப் பழச்சாராய வாசம். அந்த வாரச் செவ்வாய்க்கிழமை சாயங்காலம் ஒரு புதுத் தொடர் தொடங்குகிறது என்று நர்சம்மா சொல்லியிருந்தார். காதலும் உண்டு, கல்யாணமும் உண்டு, பெரியவர்கள் பார்த்து முடிக்கிற கல்யாணத்தில் காதல் எப்படி வரும் என்கிற கதை என்றார். "அதெப்படி வரும்?" என்று என் அம்மா நிஜமாகவே கேட்டாள். நர்சம்மா சிரித்துவிட்டு, "அதுக்குத்தானே வாராவாரம் போடுறாங்க" என்றார்.

ஊரே வந்திருந்தது. குச்சிக்கிழங்கு என்கிற மரவள்ளிக் காட்டிலிருந்து நேரே வந்தவர்களின் கால்மண், தலைக்கு வைத்த எண்ணெய், டெட்டால், பலா. பச்சைத் திரையை அவிழ்த்துக் கட்டில் மேல் போட்டுவிட்டார்கள். இன்னும் இருட்டு முழுதாகக் கட்டவில்லை.

முதல் நாள் கதை எனக்கு இன்றும் அப்படியே இருக்கிறது. ஒரு பெரிய வீடு. பெண் பார்க்க வருகிறார்கள். பெண் பட்டுடுத்திக் காப்பித் தட்டோடு வருகிறாள். தட்டு நடுங்குகிறது, டம்ளர்கள் ஒன்றோடொன்று தட்டிக் கிணுகிணுக்கின்றன. எல்லோரும் பேசுகிறார்கள், அவள் மட்டும் பேசவில்லை. அப்போது அந்தப் பையன் எழுந்து, "பொண்ணுகிட்ட நான் தனியாப் பேசணும்" என்கிறான். எங்கள் அறையில் அத்தனை பேரும் மூச்சை இழுத்தார்கள். யாரோ ஒருவர் "அடி ஆத்தா" என்றார். இருவரும் மொட்டை மாடிக்குப் போகிறார்கள். துணி காய்கிறது. பையன் கேட்கிறான்: "எல்லாரும் என்னைக் கேட்டாங்க. உங்களை யாராவது கேட்டாங்களா? உங்களுக்குச் சம்மதமா?"

அவள் வாயைத் திறந்தாள்.

உஸ்ஸ்ஸ்.

"வருதா?" என்று வெளியிலிருந்து அத்தை.

"வரல!"

"இப்ப?"

"வரல, வரல!"

அறைக்குள் ஒரே கூச்சல். "குழாயத் திருப்பு", "அந்தப் பக்கம்", "புள்ள, நல்லாச் சொல்லு". புள்ளிகள் விலகி மறுபடி படம் வந்தபோது திரையில் இருந்தது ஒரே சொல்: தொடரும்.

அந்த வாரம் முழுக்க எங்கள் ஊரில் வேறு பேச்சு இல்லை. களை வெட்டும் இடத்தில், தண்ணீர்க் குழாயடியில், பஸ்ஸுக்கு நிற்கையில் ஒரே கேள்வி. அவள் என்ன சொல்லியிருப்பாள்?

"சரின்னுதான் சொல்லியிருப்பா. இல்லீன்னா பட்டுப் பொடவை எதுக்குக் கட்டறா?"

"அவளா கட்டினா? கட்டி உட்டாங்க."

"நம்மூர்ல தனியாப் பேசோணும்னா எங்க போறது? மொட்டை மாடி இருக்குதா? ஓட்டு மேல ஏறி நின்னா ஓடு ஒடையும், கல்யாணமும் ஒடையும்."

என் அம்மா இதைச் சொல்லிவிட்டுத் தானே சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு மண்வெட்டியைத் தரையில் ஊன்றினாள். அவளை யாரும் கேட்டிருக்கவில்லை. அவளுக்கு அப்போதுதான் அது தெரிந்தது என்று நினைக்கிறேன். அல்லது இப்போது நான் அப்படி நினைத்துக்கொள்கிறேன்.

அத்தை என்னிடம் கேட்டது வேறு. அன்று வீட்டுக்குத் திரும்பும் ஒற்றையடிப் பாதையில், என் கையைப் பிடித்துக்கொண்டு, "அவ மூஞ்சி எப்படி இருந்துச்சு சாமி? எனக்கு அவன் கேட்டது மட்டுந்தான் கேட்டுச்சு" என்றாள்.

"வாயத் தொறந்தா."

"அப்பறம்?"

"அவ்வளவுதான் அத்தே. புள்ளி வந்துருச்சு."

குழாயைப் பிடித்திருந்த அவள் உள்ளங்கை துரு வாசமடித்தது.

நான் சொல்லாமல் விட்ட ஒன்று இருக்கிறது. வரும் ஞாயிற்றுக்கிழமை அத்தையைப் பெண் பார்க்க அரியூர் நாட்டிலிருந்து வரப்போகிறார்கள் என்பது அதற்கு முன்பே முடிவாகியிருந்தது. மிளகும் குச்சிக்கிழங்கும் போடுகிற குடும்பம். பையன் எட்டாவது வரை. அப்பாவுக்கு அதில் குறையொன்றும் தெரியவில்லை. பெற்றவர்கள் போன பிறகு தங்கையைத் தோளில் தூக்கி வளர்த்தவர். மலைக்குக் கீழே எங்கோ கொடுத்துவிட்டுக் கண் காணாமல் தவிப்பதைவிட, மலையிலேயே ஒரு பஸ் தூரத்தில் கொடுப்பது அவர் அவளுக்குச் செய்யும் நன்மை. மனதார அப்படித்தான் நம்பினார்.

ஆனால் அத்தையிடம் இன்னொரு காகிதம் இருந்தது. நர்சம்மா அவளுக்காக நர்ஸ் பயிற்சிக்கு விண்ணப்பம் நிரப்பி அனுப்பியிருந்தார். இரண்டு வருடம், சேலத்தில். படித்து முடித்தால் நர்சம்மா மாதிரியே திரையும் டெட்டாலும் சொந்தமாகும். இடம் கிடைத்தால் ஆடிக்குள் கடிதம் வரும். அப்பாவுக்கு இது தெரியாது. நர்சம்மாவுக்கும் அத்தைக்கும் எனக்கும் மட்டும் தெரியும். எனக்குத் தெரிந்ததுகூட நான் எப்போதும் அவர்கள் கால்களுக்கிடையில் கிடந்ததால்தான்.

தொடர் பார்த்த மறுநாள் நர்சம்மா அத்தையை உட்கார வைத்துச் சொன்னார். "இங்க பாரு. டிவில அவன் கேட்டான். உன்னை எவனும் கேக்கப்போறதில்லை. நீயே கேளு, தனியாப் பேசணும்னு. கேட்டுட்டு, வேண்டாம்னு மட்டும் ஆரம்பிக்காதே. வேண்டாம்னு ஆரம்பிச்சா அதுக்கப்புறம் நீ சொல்ற எதுவும் அவங்க காதுல ஏறாது. வர்றேன்னு முடி. முன்னாடி என்ன வேணும்னாலும் வச்சுக்க. படிச்சுட்டு வர்றேன். ரெண்டு வருஷம் கழிச்சு வர்றேன். புரியுதா?"

நல்ல எண்ணத்தில் சொன்ன புத்திசாலித்தனமான யோசனை. இன்றைக்கு யோசித்தால் அதுதான் முதல் தப்பு. கடைசிச் சொல் எது என்று மட்டும் பார்க்கிற ஊரில், அந்தக் கடைசிச் சொல்லையே அவர்களுக்குப் பிடித்ததாக வைக்கச் சொன்னார் நர்சம்மா.

அத்தை என்னோடு ஒத்திகை பார்த்தாள். குச்சிக்கிழங்குச் செடிகளுக்கு நடுவே. நான்தான் மாப்பிள்ளை. அப்பாவின் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு குரலைத் தடிப்பாக்கினேன்.

"கண்ணு, எங்க ஊட்டுக்கு வாரயா?"

அத்தை குனிந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "மாப்பிள்ளை வந்து கண்ணும்பாங்களா? ஏனுங்கன்னு கேளு."

"ஏனுங்க, எங்க ஊட்டுக்கு வாரீங்களா?"

அத்தை நிமிர்ந்தாள். முந்தானையை இழுத்துச் செருகினாள். தூரத்தில் இருக்கும் எதையோ பார்த்து, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னாள்: "ரெண்டு வருசம் நர்சு படிப்பு முடிச்சுப்போட்டு வாரேனுங்க."

நாலைந்து நாளில் அதை நூறு தடவையாவது சொல்லியிருப்பாள். மாவாட்டும்போது, விறகு பொறுக்கும்போது, தூங்கப் போகும்போது உதட்டுக்குள். எனக்கே மனப்பாடம். இப்போது என்னை எழுப்பிக் கேட்டாலும் ஓர் எழுத்து தப்பாமல் சொல்வேன். அதுதான் என் வேதனையும்.

ஏனென்றால் அவள் சேலத்துக்குப் போவது எனக்குப் பிடிக்கவில்லை. சேலம் எவ்வளவு தூரம் என்று எனக்குத் தெரியாது. பஸ்ஸில் போனால் வாந்தி வரும் தூரம். அரியூர் நாடு எனக்குத் தெரியும். அங்கேயே இருந்தால் ஞாயிற்றுக்கிழமை போய்ப் பார்க்கலாம். இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. இப்போதுதான் சொல்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. மாப்பிள்ளை, அவருடைய அக்கா, உறவில் இரண்டு பெரியவர்கள். நர்சம்மா அன்று பார்த்து வேறு ஊரில் சொட்டு மருந்து கொடுக்கப் போய்விட்டார். காலையிலிருந்தே பேய்க்காற்று. அம்மா காப்பித் தட்டைக் கையில் கொடுத்தபோது அத்தையின் தட்டு நடுங்கவில்லை. நான் டம்ளர்களையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மாப்பிள்ளைக்கு அகலமான கைகள். அந்தக் கைகளை எங்கே வைப்பதென்று தெரியாமல் முழங்காலில் வைத்தார், எடுத்தார், மறுபடி வைத்தார். அவருடைய அக்காதான் பேச்சுக்காரி. "பொண்ணு படிச்சிருக்குதாமா. எங்க மிளகுக்கொடிக்குப் படிச்சுக் காட்டட்டும், நல்லாக் காய்க்கும்" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். அத்தையும் சிரித்தாள். பிறகு, சிரிப்பு அடங்குவதற்குள், "அண்ணி, நான் அவங்ககிட்ட ஒரு வார்த்தை தனியாப் பேசோணும்" என்றாள்.

அம்மாவைப் பார்த்துத்தான் சொன்னாள். ஆனால் வீடே கேட்டது.

அப்பாவின் முகத்தை நான் பார்க்கவில்லை, பார்க்கப் பயந்தேன். மாப்பிள்ளையின் அக்கா கையிலிருந்த டம்ளரைக் கீழே வைத்தாள். "இதென்ன, டிவிப் பொட்டிக்குள்ள நடக்கறதாட்டம் இருக்குது. எங்கூர்லயும் பாத்தோமுங்க அதை. அதுல பையன் கேட்டான். இங்க பொண்ணு கேக்குது. காலம் ஒரே வாரத்துல மாறிப்போச்சு."

"சின்னப் புள்ள, தெரியாமக் கேக்குதுங்க" என்றார் அப்பா.

அப்போது அந்த மாப்பிள்ளை, காது மடல் வரை சிவந்து, "பேசட்டுங்க. எனக்கொண்ணும் இல்லீங்க" என்றார்.

மொட்டை மாடி இல்லை. வீட்டுக்குப் பின்னால் பலாமரம் இருந்தது. அதன் கீழே இருவரும் நின்றார்கள். வீட்டுக் கொல்லை வாசலில் பெரியவர்கள். நடுவில், பாதித் தூரத்தில், துணைக்கு நான். என்னை அங்கே நிற்க வைத்தது அம்மா. ஜன்னலுக்கும் குழாய்க்கும் நடுவில் நிற்பது போலவே இருந்தது எனக்கு. எல்லாம் பழகிய தூரம்.

காற்று பலா இலைகளைப் புரட்டிப் போட்டது. இலைகளின் சத்தம், ஐயோ, அதே சத்தம்தான். உஸ்ஸ்ஸ்ஸென்று. அவர் ஏதோ கேட்டார். உதடு அசைந்தது, தலை கொஞ்சம் சாய்ந்தது. நான் ஒத்திகையில் கேட்ட அதே கேள்வியாகத்தான் இருக்க வேண்டும். அத்தை நிமிர்ந்தாள். முந்தானையை இழுத்துச் செருகினாள். தூரத்தில் எதையோ பார்த்தாள். அவள் வாய் திறந்தது.

எனக்குக் கேட்டது கடைசி ஒரு சொல்.

"...வாரேனுங்க."

கொல்லை வாசலிலிருந்து அப்பா கத்தினார். "என்ன கண்ணு, என்ன சொல்றா?"

மாப்பிள்ளையின் அக்காவும் கத்தினாள். "வாரேங்குதா, வரலீங்குதா?"

நான் திரும்பினேன். கைகளை வாயருகே குவித்துக்கொண்டேன். அப்படித்தான் பழக்கம். காற்றில் நீட்டிப் பேசக் கூடாது. ஒற்றை வார்த்தை.

"வாரேன்னுட்டாங்க!"

வீட்டுப் பக்கம் ஒரு சிரிப்பு வெடித்தது. அம்மா ஓடிவந்து என் வாயில் நாட்டுச் சர்க்கரையைத் திணித்தாள். பலா மரத்தடியில் மாப்பிள்ளை ஒரு கணம் அப்படியே நின்றார். நெற்றி சுருங்கியிருந்தது, ஒன்றைக் கேட்டுவிட்டு அதை எடை போடுகிறவரைப் போல. பிறகு வீட்டின் சிரிப்பைப் பார்த்தார். நெற்றி மெதுவாக விரிந்தது. அவரும் சிரித்தார். அத்தை என்னைப் பார்த்தாள். கோபமாகப் பார்க்கவில்லை. குழாயடியில் நின்று, படம் வருதா என்று கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருக்கும்போது பார்ப்பாளே, அப்படி. என் வாய் நிறையச் சர்க்கரை. விழுங்க முடியவில்லை, துப்பவும் முடியவில்லை.

அடுத்த செவ்வாய்க்கிழமை அப்பா எங்களை டிவி பார்க்க விடவில்லை. போய்ப் புள்ளிகளுக்கு நடுவே பார்த்து வந்தவர்கள் சொன்னார்கள். மொட்டை மாடியில் அந்தப் பெண் பதிலே சொல்லவில்லையாம். வெட்கப்பட்டுப் படியிறங்கி ஓடிவிட்டாளாம். அதையே சம்மதம் என்று எடுத்துக்கொண்டு கீழே எல்லோரும் வெற்றிலை மாற்றிக்கொண்டார்களாம். "நாஞ்சொல்லல?" என்று பட்டுப்புடவைக் கட்சிக்காரர்கள் ஜெயித்த முகத்தோடு திரிந்தார்கள்.

ஆடியில் கடிதம் வந்தது. மஞ்சள் உறை. நர்சம்மா மழையில் நனையாமல் இருக்க அதை மாத்திரைப் பைக்குள் வைத்து எங்கள் வீட்டுக்கு எடுத்து வந்தார். அப்பா கையில் நேராகக் கொடுத்தார். "ஆவணியில கல்யாணம் வச்சிருக்கீங்க. தள்ளி வைக்கலாம். அவங்ககிட்ட இவ அன்னைக்கே சொல்லியாச்சு, படிச்சுட்டுத்தான்னு."

அப்பா உறையைப் பிரிக்கவில்லை. புரட்டிப் பார்த்தார். "படிச்சுட்டுன்னு யாரும் சொல்லலீங்களே. வாரேன்னு சொன்னா. நாங்க வாக்குக் குடுத்தாச்சு."

அத்தை சுவரோரம் நின்றிருந்தாள். "நான் சொன்னது முழுசா அது இல்லீங்கண்ணா."

"பின்ன என்ன? புள்ள பொய்யா சொல்லுச்சு?"

அப்பா என்னைக் கூப்பிட்டார். மழை ஓட்டின் மேல் இரைந்துகொண்டிருந்தது. அவர் குனிந்து என் தோளைப் பிடித்தார். கடுமையாக இல்லை, அன்பாகத்தான் பிடித்தார். அந்த அன்புதான் என்னைப் பயமுறுத்தியது.

"சாமி, அன்னைக்கு உங்கத்தை வாரேன்னு சொன்னாளா, இல்லையா? ஒத்த வார்த்தைல சொல்லு."

முழு வாக்கியமும் என் நாக்கில் இருந்தது. ரெண்டு வருசம் நர்சு படிப்பு முடிச்சுப்போட்டு. ஒவ்வொரு சொல்லும் வரிசையாக, மழைக்கு ஒதுங்கி நிற்கும் ஆடுகளைப் போல. இந்தத் தடவை காற்று இல்லை. யாரும் தூரத்தில் இல்லை. நீட்டிப் பேசியிருக்கலாம். சேலம் எவ்வளவு தூரம் என்று நினைத்தேன்.

"சொன்னாங்க" என்றேன்.

அது பொய்யில்லை. எத்தனையோ வருடமாக எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன், அது பொய்யில்லை, அது பொய்யில்லை. நர்சம்மா என்னைப் பார்த்துவிட்டுக் குடையை விரித்தார். அப்பா உறையைச் சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்தார், கல்யாணம் முடிந்ததும் பார்த்துக்கொள்ளலாம் என்று. அந்தப் படம் இப்போது என் வீட்டில் இருக்கிறது. பின்னால் பல்லி முட்டை ஓடுதான் இருக்கிறது. உறை எங்கே போயிற்று என்று யாருக்கும் தெரியவில்லை.

அத்தை வாழ்க்கையில் நல்லாத்தான் இருக்கிறாள். மாமா கை நீட்டாதவர், குடிக்காதவர். அத்தைக்கு மூன்று பிள்ளைகள். அரியூர் நாட்டில் அவள் இருக்கும் ஊரில் யாருக்கு மாத்திரை எழுதிக் கொடுத்தாலும் அட்டையை எடுத்துக்கொண்டு முதலில் அவளிடம்தான் வருகிறார்கள். "இது சோத்துக்கு முன்னாடி, இது பின்னாடி" என்று அவள் பிரித்துக் கொடுப்பாள். அட்டையை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் படிக்கும்போது அவள் தோள் நிமிரும். அதை என்னால் பார்க்க முடியாது. தண்ணீர் குடிக்கப் போவது போல எழுந்து போய்விடுவேன்.

மாமாவிடம்தான் ஒருநாள் கேட்டேன். நான் வேலைக்குப் போகத் தொடங்கிவிட்டிருந்த காலம். அவர் பாயில் மிளகைப் பரப்பிக்கொண்டிருந்தார். கேட்க நினைத்ததைக் கேட்கவில்லை. சும்மா, "அன்னிக்குக் காத்து எப்படி அடிச்சுது, ஞாபகம் இருக்குதுங்களா மாமா?" என்றேன்.

அந்த அகலமான கை மிளகின் மேல் நின்றது.

"காத்து அடிச்சுது கண்ணு. ஆனா நான் பக்கத்துலதானே நின்னேன். உங்கத்தை சொன்னது எனக்கு முழுசாத்தான் கேட்டுச்சு." மிளகை ஒரு தரம் கிளறிவிட்டார். "பொறுத்திருக்கறேனுங்கன்னு சொல்லத்தான் வாயெடுத்தேன். அதுக்குள்ள நீ கத்திப்போட்டே. எல்லாரும் சிரிச்சாங்க. சரி, இதுவே இருக்கட்டும்னு இருந்துட்டேன்."

அதைக் கேட்டால் என் பாரத்தில் பாதியாவது இறங்கும் என்று நீங்கள் நினைக்கலாம். நானும் நினைத்தேன். அவர் சுமப்பது தனி, நான் சுமப்பது தனி என்றுதான் தெரிந்துகொண்டேன். அன்று மூன்று மணி பஸ்ஸுக்கு இரண்டு மணிக்கே போய் நின்றேன். அங்கேயும் நிற்க முடியாமல் வளைவு வரைக்கும் நடந்தேன், திரும்பினேன், நடந்தேன்.

இன்னும் ஒன்றைச் சொல்லிவிட்டு நிறுத்துகிறேன். ஆவணியில் கல்யாணம் முடிந்து அத்தை எங்கள் ஊரைவிட்டுக் கிளம்பிய அந்த மத்தியானம்.

பஸ் நின்றுகொண்டிருந்தது. பின் சீட்டில் பாய், பித்தளைக் குடம், ஒரு கட்டு மிளகுக்கொடி. மாப்பிள்ளையின் அக்கா ஏறி உட்கார்ந்து சத்தமாக ஆட்களை எண்ணிக்கொண்டிருந்தாள். அப்பா டிரைவரிடம் ஏதோ தேவையில்லாததைப் பேசிக்கொண்டிருந்தார், அழாமல் இருப்பதற்காக. நர்சம்மா சுகாதார நிலையத்துப் படியில் நின்றார், இறங்கி வரவில்லை. அவருக்குப் பின்னால் ஆண்டெனா காற்றுக்குத் தன்பாட்டில் திரும்பிக்கொண்டிருந்தது. பிடிக்க ஆளில்லை.

அத்தை ஜன்னலோரம் உட்கார்ந்தாள். புது மஞ்சள் கயிறு, கழுத்தில் இன்னும் ஈரம். ஜன்னல் வழியாகக் கையை நீட்டி என் முகவாயைத் தொட்டாள். உள்ளங்கையில் துரு வாசம் போயிருந்தது, மருதாணி வாசம். கண்டக்டர் விசிலடித்தார்.

"போறேன் அண்ணி" என்றாள் அத்தை.

அம்மா பதறிப்போய் ஜன்னல் கம்பியைப் பிடித்தாள். "ஐயையோ, நல்ல நாளும் அதுவுமா போறேன்னு சொல்லாத கண்ணு. வாரேன்னு சொல்லு. போயிட்டு வாரேன்னு சொல்லு."

அத்தை அம்மாவைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள். பஸ் நகர்ந்தது.

"வாரேன்னு ஒருக்கா சொன்னதே போதுங்க அண்ணி. போறேன்."